ழாக் டாட்டி: தன் படத்திலிருந்து தானே ஒதுங்கிக்கொண்ட நடிகரா?

இரவுக்காட்சி:

வணக்கம். பிரெஞ்சு நடிகர், இயக்குநர் ழாக் டாட்டியைப் பற்றி இங்கே யாராவது கொஞ்சம் விரிவாகப் பேசினால் நன்றாக இருக்கும். 'மோன் ஓன்க்ள்' (1958) பார்த்தேன். நவீன வீட்டில் வாழும் சகோதரி, அவள் மகன், அவ்வப்போது வந்துபோகும் தாய்மாமன் ஹுலோ, அதாவது டாட்டி. மனம் நிறைந்துவிட்டது. அதே சூட்டில் 'ப்ளேடைம்' (1967) போட்டேன். முதல் ஒரு மணி நேரம் யாரைப் பார்ப்பது என்றே எனக்குத் தெரியவில்லை. ஹுலோ வருகிறார், கூட்டத்தில் கலந்து காணாமல் போகிறார். தூரத்தில் அதே தொப்பி, அதே மழைக்கோட்டு, அதே குடை தெரிகிறது, சரி வந்துவிட்டார் என்று நிமிர்ந்து உட்கார்ந்தால் அது வேறு யாரோ. முகத்தைக் கிட்டத்தில் காட்டும் ஷாட் ஒன்றுகூட இல்லை. கதை என்று சொல்ல ஒன்றும் இல்லை. ஆனால் அந்த உணவகக் காட்சி ஆரம்பித்ததும் எழுந்திருக்க முடியவில்லை, முடிந்ததும் திரும்ப முதலிலிருந்து பார்க்கவேண்டும் என்று தோன்றியது.

எனக்குப் புரியாதது இதுதான். எழுதி, இயக்கி, நடித்து, அந்த ஒரு பாத்திரத்தால் உலகம் முழுக்கப் பேர் வாங்கிய ஒருவர், தன் பெரிய படத்தில் ஏன் அந்தப் பாத்திரத்தை ஓரத்தில் நிறுத்துகிறார்? நடிப்பில் அலுத்துப்போனாரா? இவர் மற்றவர்கள் படத்தில் நடித்திருக்கிறாரா? முழுநீளப் படம் மொத்தமே ஆறுதான் என்கிறார்கள், ஏன் அவ்வளவு குறைவு? தெரிந்தவர்கள் சொல்லுங்கள், நீளமாக எழுதினாலும் படிப்பேன்.

பழையபடம்:

நல்ல கேள்வி. 'ப்ளேடைம்' படத்திலிருந்து பின்னோக்கிப் பார்த்தால் புதிராகத்தான் இருக்கும். ஆரம்பத்திலிருந்து வந்தால் அவர் எங்கே போய்க்கொண்டிருந்தார் என்பது தெரியும்.

1907இல் பாரிசுக்கு மேற்கே லு பெக் என்ற ஊரில் பிறந்தவர். முழுப்பெயர் ழாக் டாட்டிஷெஃப், தாத்தா ரஷ்யத் தூதரகத்தில் இருந்தவர். குடும்பத் தொழில் ஓவியங்களுக்குச் சட்டம் போடுவது. பையனையும் அதில்தான் பழக்கினார்கள். இவர் மனம் ரக்பி ஆட்டத்தில் இருந்தது. ஆறடிக்கு மேல் உயரம். ஆட்டம் முடிந்து எல்லோரும் சாப்பிட உட்காரும்போது எழுந்து நின்று அன்றைய ஆட்டத்தையே உடம்பால் திரும்ப ஆடிக் காட்டுவாராம். அதுவே பிறகு மேடை நிகழ்ச்சியானது. டென்னிஸ் வீரர், கோல்கீப்பர், குதிரைச் சவாரி எல்லாவற்றையும் வசனமே இல்லாமல் செய்தார். 1936இல் எழுத்தாளர் கொலெட் இதைப் பார்த்துவிட்டு வியந்து எழுதினார்: இந்த மனிதர் ஒரே நேரத்தில் ஆட்டக்காரராகவும் பந்தாகவும் மட்டையாகவும், குதிரையாகவும் குதிரைக்காரராகவும் இருக்கிறார் என்பது அதன் சாரம். ஒருவரையே பார்க்கிறோம், ஆனால் அவரைச் சுற்றி இல்லாதவையெல்லாம் நமக்குத் தெரிகின்றன. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

மற்றவர்கள் படத்தில் நடித்தாரா என்றால், நடித்தார், கொஞ்சம்தான். 30களில் சில குறும்படங்கள். அதில் 'சுவாஞ் தோன் கோஷ்' என்ற குத்துச்சண்டைப் படத்தை ரெனே கிளெமான் இயக்கினார். க்ளோட் ஓதான்-லாராவின் 'சில்வி எ ல ஃபாந்தோம்' (1946) படத்தில் இவர்தான் ஆவி, பேசாத ஆவி. ஓதான்-லாராவே எடுத்த 'ல டியாப்ள் ஓ கோர்' (1947) படத்தில் சின்ன வேடம். இயக்குநரானதும் ஒரு தற்செயல்தான். 'லெகோல் தே ஃபாக்தேர்' என்ற தபால்காரர் குறும்படத்தை கிளெமான் எடுப்பதாக இருந்தது, அவருக்கு வேறு வேலை வந்துவிட்டது, அதனால் நடிக்க வந்தவரே இயக்கவும் செய்தார்.

அந்தத் தபால்காரரைப் பெரிதாக்கியதுதான் முதல் முழுநீளப் படம் 'ழூர் த ஃபெத்'. எடுத்த ஊர் செந்த்-செவேர், பிரான்சின் நடுவில் இருக்கும் கிராமம். போர்க்காலத்தில் டாட்டி நண்பரோடு போய்த் தங்கியிருந்த ஊர். 1947 கோடையில் அந்த ஊர் மக்களையே நடிக்கவைத்து எடுத்தார். வாங்குவதற்கு விநியோகஸ்தர் கிடைக்காமல் கிடந்து 1949இல்தான் வெளியானது. வெளியானதும் ஓடியது. வெனிஸ் திரைப்பட விழாவில் திரைக்கதைக்கு விருது வாங்கியது. உடனே அந்தத் தபால்காரரை வைத்து அடுத்த படம், அதற்கடுத்த படம் என்று கேட்டார்கள். மாட்டேன் என்றுவிட்டார்.

ஏன் மாட்டேன் என்றார் என்பதில்தான் உங்கள் கேள்விக்குப் பதில் இருக்கிறது என்று நினைக்கிறேன். தபால்காரர் பிரான்ஸ்வா நம்மைச் சிரிக்க வைப்பவர். எல்லா வேலையும் அவர் உடம்பு செய்கிறது. அடுத்து வந்த ஹுலோ அப்படி இல்லை. 'முசியே ஹுலோவின் விடுமுறை'யில் (1953) அவர் கதவைத் திறந்துகொண்டு நிற்கிறார், அவ்வளவுதான், காற்று உள்ளே புகுந்து மற்றவர்களின் காகிதம், தேநீர், மீசை எல்லாவற்றையும் கலைக்கிறது. வேடிக்கை அவரைச் சுற்றியிருப்பவர்கள் மேல் நடக்கிறது. 'மோன் ஓன்க்ள்' படத்தில் இன்னும் ஒரு படி விலகுகிறார், பாதி நேரம் வீடுதான் நடிக்கிறது. விருந்தாளி முக்கியமானவர் என்றால் மட்டும் அந்த மீன் ஊற்றைத் திறந்துவிட்டு, வந்தவர் வெறும் ஹுலோ என்று தெரிந்ததும் மூடிவிடுவார்களே, அந்த ஊற்றுக்கு இருக்கும் வேலை சில காட்சிகளில் ஹுலோவுக்குக்கூட இல்லை. 'ப்ளேடைம்' அதே பாதையில் கடைசி அடி. அலுப்பு என்று நான் நினைக்கவில்லை. நாயகன் மட்டும்தான் வேடிக்கையானவன் என்பதை அவர் நம்பவில்லை. எல்லோரும் வேடிக்கையானவர்கள்தான், பார்க்கத் தெரிந்தால் போதும் என்பது அவர் கட்சி. அப்படி நம்பும் ஒருவர் தன்னையே நடுவில் நிறுத்திக்கொண்டு படம் எடுக்க முடியாது.

அந்தப் போலி ஹுலோக்கள் சும்மா ஏமாற்றுவதற்காக வைத்தவை அல்ல. கடைசியில் அமெரிக்கப் பெண் பார்பராவுக்கு ஹுலோ ஒரு சின்னப் பரிசு வாங்குகிறார். கடையின் சுழல்வழியில் மாட்டிக்கொள்கிறார், வெளியே வர முடியவில்லை. அதைக் கொண்டுபோய்க் கொடுப்பது யார் என்று திரும்பப் பாருங்கள். அவரைப் போலவே இருக்கும் ஒரு இளைஞன். படத்தில் காதல் என்று சொல்லக்கூடிய ஒரே இடம், அதைக்கூட டாட்டி இன்னொருவருக்குக் கொடுத்துவிட்டார்.

மேகலா:

பழையபடம் அண்ணா எழுதியதில் தகவல்கள் எல்லாம் சரி, முடிவோடு எனக்கு உடன்பாடு இல்லை. ஹுலோவை ஓரங்கட்டியதில் படம் இழந்ததும் நிறைய. நடிகராக அவர் எவ்வளவு நுணுக்கமானவர் என்பதற்கு 'விடுமுறை' படத்தில் ஒரு இடம் சொல்கிறேன். விடுதிக்கு வந்து பெயர் பதியவேண்டும். இரண்டு கையிலும் சாமான், வாயில் பைப். பெயரைச் சொல்கிறார், ஒன்றும் புரியவில்லை. விடுதிக்காரர் மேசைக்கு இந்தப் பக்கம் எட்டி அந்தப் பைப்பைப் பிடுங்குகிறார், 'ஹுலோ' என்ற ஒரு சொல் தெளிவாக வருகிறது, பைப் திரும்ப வாய்க்குப் போகிறது. கிட்டத்தட்ட படம் முழுக்க அவர் பேசுவது அவ்வளவுதான். முன்பக்கமாகச் சாய்ந்த நடை, எந்தத் திசையில் போவது என்று குதிகாலில் நின்று யோசிப்பது, யாரைப் பார்த்தாலும் தொப்பியைத் தூக்கி வணங்குவது. அந்த உடம்பு ஒரு முழு மனிதரைச் சொல்லிவிடுகிறது. கூச்சம், மரியாதை, தனிமை எல்லாம் அதில் இருக்கிறது.

அந்தக் கல்லறைக் காட்சியைப் பாருங்கள். பழைய காரின் டயருக்குள் இருக்கும் டியூப் மண்ணில் விழுந்து, ஈரத்தில் இலைகள் ஒட்டிக்கொள்கின்றன, அங்கே துக்கத்துக்கு வந்தவர்கள் அதை மலர்வளையம் என்று நினைத்து மரியாதையோடு வாங்கி வைக்கிறார்கள். ஹுலோ மறுக்கத் தெரியாமல் வரிசையில் நின்று எல்லோரிடமும் கைகுலுக்குகிறார். இந்த வேடிக்கைக்கு நடுவில் அந்த ஒரு மனிதர் வேண்டும். 'ப்ளேடைம்' படத்தின் முதல் பாதியில் அவர் இல்லாத குறையை நான் உணர்ந்தேன். கண்ணாடியும் இரும்பும் சாம்பல் நிறமும் எவ்வளவு நேரம் பார்ப்பது? புத்திசாலித்தனமான படம் என்பதில் சந்தேகமே இல்லை. ஆனால் எனக்கு நெஞ்சில் நிற்பது 'விடுமுறை'யின் கடைசிதான். எல்லோரும் மூட்டை கட்டிக் கிளம்புகிறார்கள், ஹுலோவை யாரும் கண்டுகொள்வதில்லை. படம் முழுக்க மனைவிக்குப் பத்தடி பின்னால் கைகட்டி நடந்துகொண்டே இருந்தாரே ஒரு வயதானவர், அவள் பொறுக்கிக் கொடுத்த கிளிஞ்சலை அவளுக்குத் தெரியாமல் எறிந்துகொண்டே வந்தாரே, அவர் திரும்பி வந்து ஹுலோவின் கையைப் பிடித்து நன்றி சொல்கிறார். அந்த ஆங்கிலேயப் பெண்மணியும் வருகிறார். மனிதர்களைப் பார்க்க ஹுலோவை ஓரத்தில் தள்ளவேண்டிய அவசியம் இல்லை என்பதற்கு இந்தப் படமே சாட்சி. அவரும் இருக்கிறார், மற்றவர்களும் தெரிகிறார்கள்.

ஒலிக்கூடம்:

இருவரும் படத்தைக் கண்ணால் மட்டும் பார்த்துவிட்டுச் சண்டை போடுகிறீர்கள். நான் ஒலித்தொகுப்பு வேலை பார்ப்பவன், எனக்கு டாட்டி முதலில் காதுக்கான இயக்குநர்.

அவர் படப்பிடிப்பில் எடுத்த ஒலியை நம்பி இருந்தவர் அல்ல. காட்சியை எடுத்துவிட்டு, பிறகு ஒவ்வொரு சத்தமாக உட்கார்ந்து சேர்த்தார். இன்று நாங்கள் எஃபெக்ட்ஸ் ட்ராக்கில் அறையின் சத்தம், துணியின் சத்தம், தெருவின் சத்தம் என்று எல்லாவற்றையும் போட்டு நிரப்புகிறோம். அவர் நேர்மாறு. திரையில் இருபது பேர் இருந்தாலும் ஒரே ஒருவருடைய காலணி மட்டும் கேட்கும். எந்தச் சத்தம் கேட்கிறதோ அங்கே நம் கண் போகும். கிட்டத்தில் காட்டும் ஷாட் இல்லை என்றாரே இரவுக்காட்சி, அந்த வேலையை இங்கே ஒலி செய்கிறது.

'ப்ளேடைம்' படத்தில் அந்த நீண்ட நடைபாதைக் காட்சி. ஹுலோ ஒரு அதிகாரியைப் பார்க்க வந்திருக்கிறார், வயதான வாயிற்காவலர் பக்கத்தில் நிற்கிறார். நடைபாதையின் அந்தக் கோடியில் ஒரு புள்ளி மாதிரி அந்த அதிகாரி தெரிகிறார், டக் டக் டக் என்று காலடி. சத்தம் கிட்டத்தில் கேட்பதால் ஆள் வந்துவிட்டார் என்று ஹுலோ எழப்பார்க்கிறார், காவலர் இன்னும் இல்லை என்று கையமர்த்துகிறார். காலடி கேட்டுக்கொண்டே இருக்கிறது, ஆள் வந்தபாடில்லை. ஒரு வசனம் இல்லை, ஒரு கட் இல்லை, அலுவலகத்தில் காத்திருப்பது எப்படி இருக்கும் என்பது முழுக்க வந்துவிடுகிறது. அடுத்து அந்தக் காத்திருப்பு அறையின் கறுப்பு நாற்காலிகள், உட்கார்ந்தால் ஒரு பெருமூச்சு, எழுந்தால் பழைய வடிவத்துக்கு வரும்போது இன்னொரு சத்தம். எதிரே உட்கார்ந்திருப்பவர் பேனாவை மூடுவது, பையின் ஜிப்பை இழுப்பது, சட்டையைத் தட்டிவிடுவது ஒவ்வொன்றும் கத்தி மாதிரி கேட்கிறது.

அடுக்குமாடிக் காட்சியில் நேர்மாறாகச் செய்வார். உள்ளே பேசுகிறார்கள், சிரிக்கிறார்கள், நாம் தெருவில் நிற்கிறோம், நமக்குக் கேட்பது வண்டிச் சத்தம் மட்டும். இரண்டு வீட்டுக்காரர்களும் அவரவர் தொலைக்காட்சியைப் பார்க்கிறார்கள். வெளியிலிருந்து பார்த்தால் சுவரே இல்லாமல் ஒருவரை ஒருவர் முறைத்துக்கொண்டிருப்பது போல் தெரியும். உள்ளே பேசுவது கேட்டிருந்தால் அந்தக் காட்சி செத்திருக்கும்.

மேகலா அக்கா, 'விடுமுறை'யிலும் இதுதான். ஆரம்பத்தில் ரயில் நிலைய ஒலிபெருக்கி ஏதோ உளறுகிறது, ஒரு சொல் புரியாது, கூட்டம் ஒரு நடைமேடையிலிருந்து இன்னொன்றுக்கு ஓடுகிறது, திரும்ப ஓடிவருகிறது. சாப்பாட்டு அறையின் ஆட்டக்கதவு ஒவ்வொரு முறையும் ஒரு 'தொம்'. அந்த 'தொம்' எத்தனை முறை வந்தாலும் அவர் அதை மாற்றவில்லை, குறைக்கவில்லை, கொஞ்ச நேரத்தில் அது அந்த விடுதியின் குரலாகிவிடுகிறது. எனவே நடிகர் நடுவில் இருந்தாரா ஓரத்தில் இருந்தாரா என்பதைவிட, எங்கே பார்க்கவேண்டும் என்பதைச் சத்தத்தால் சொல்லக் கண்டுபிடித்த பிறகுதான் அவரால் ஓரத்துக்குப் போக முடிந்தது என்பேன். அந்தத் திறமை கைவராமல் யாராவது அப்படி ஒதுங்கினால் படம் சிதறிவிடும்.

இரவுக்காட்சி:

எல்லோருக்கும் நன்றி. ஒலிக்கூடம் சொன்ன நடைபாதைக் காட்சியைச் சத்தத்தைக் கூட்டிவைத்து இப்போதுதான் திரும்பப் பார்த்தேன், காலடியின் தாளம் மாறாமல் வருவது இப்போதுதான் உறைத்தது. அந்தப் படத்தால் அவர் கடனில் மூழ்கினார் என்று எங்கோ படித்தேன். ஒரு நகைச்சுவைப் படத்துக்கு அவ்வளவு செலவு எப்படி ஆகும்? அப்புறம் என்ன ஆனார்?

பழையபடம்:

நகரத்தையே கட்டினார், அதனால்தான். பாரிசுக்குக் கிழக்கே, வென்சேன் காட்டை ஒட்டி ஒரு பெரிய வெற்றிடத்தில். கண்ணாடியும் எஃகும் கொண்ட கட்டடங்கள், தார்ச்சாலை, போக்குவரத்து விளக்கு, ஓடுகிற நகரும் படி, மின்சாரத்துக்குத் தனி நிலையம். சில கட்டடங்களைச் சக்கரத்தில் தள்ளி இடம் மாற்றலாம். டாட்டிவில் என்று பெயர் வைத்தார்கள். தூரத்தில் தெரியும் சில ஆட்கள் அட்டையில் வெட்டி வைத்த உருவங்கள், கூர்ந்து பார்த்தால் அசையாமல் நிற்பது தெரியும். படப்பிடிப்பு 1964இல் தொடங்கி 1967 வரை இழுத்தது. புயல் வந்து அரங்கைச் சேதப்படுத்தியது, பணம் தீர்ந்து படப்பிடிப்பு நின்றது, திரும்பத் தொடங்கியது. அவ்வளவையும் 70 மில்லிமீட்டர் என்ற அகலமான படச்சுருளில் எடுத்தார். ஒரு சட்டத்துக்குள் ஏழெட்டு வேடிக்கை ஒரே நேரத்தில் நடக்கவேண்டும், பார்ப்பவர் தேடிப் பிடிக்கவேண்டும் என்றால் அந்த அகலமும் தெளிவும் தேவை. அது வீம்பு இல்லை. அந்த உணவகக் காட்சியைச் சின்னத் திரையில் பார்த்தால் பாதி போய்விடுகிறது. ஒரு மீனுக்கு ஒவ்வொரு பரிமாறுபவரும் வந்து புதிதாக உப்பும் மிளகும் தூவிவிட்டுப் போகிறார், ஆர்டர் செய்தவர்கள் வேறு மேசைக்குப் போய்விட்டார்கள். நாற்காலியின் கிரீட வடிவம் உட்கார்ந்தவர் முதுகில் அச்சாகிறது. கால்சட்டை கிழிந்த ஒரு பரிமாறுபவர் மூலையில் நிற்கிறார், மற்றவர்கள் தங்கள் கிழிந்த கோட்டு, பிய்ந்த காலணி எல்லாவற்றையும் அவரிடம் மாற்றிக்கொண்டு போகிறார்கள். கண்ணாடிக் கதவு நொறுங்கிய பிறகும் வாயிற்காவலர் வெறும் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு இல்லாத கதவைத் திறந்து திறந்து மூடுகிறார், வருகிறவர்கள் அதற்குக் காசும் கொடுக்கிறார்கள். இவ்வளவும் பக்கத்தில் பக்கத்தில்.

1967 டிசம்பரில் பாரிசில் வெளியானது. 70 மில்லிமீட்டர் வசதி உள்ள திரையரங்குகளில்தான் ஓட்டவேண்டும் என்று பிடிவாதமாக இருந்தார், அப்படிப்பட்டவை குறைவு. இரண்டரை மணி நேரத்துக்கு மேல் இருந்த படத்தை, ஓட ஆரம்பித்த பிறகு அவரே வெட்டிக் குறைத்தார். அமெரிக்காவில் 1973 வரை வெளியாகவே இல்லை. கதாநாயகன் எங்கே என்று தேடியவர்கள் ஏமாந்துபோனார்கள். மேகலா சொன்ன அதே குறையை அன்று ஊரே சொன்னது, அதை நான் மறுக்கவில்லை.

கடன் கழுத்தை நெரித்தது. கம்பெனி போனது, வீடு போனது, பழைய படங்களின் உரிமையும் கைவிட்டுப்போனது. அந்த அரங்கை இடிக்காமல் வைத்திருந்தால் இளம் இயக்குநர்கள் படமெடுக்கப் பயன்படும் என்று ஆசைப்பட்டார், அதையும் இடித்தார்கள். எனக்கு அவர் கதையில் மிகவும் வலிப்பது அந்த இடம்தான். 1959இல் ஹாலிவுட் இவருக்கு ஆஸ்கார் கொடுத்தபோது, இங்கே யாரைப் பார்க்க ஆசை என்று கேட்டதற்கு மாக் சென்னட், பஸ்டர் கீட்டன், ஸ்டான் லாரல் என்று பழைய மௌனப்பட ஆட்களின் பெயர்களைச் சொன்னவர் இவர். அந்தக் கீட்டனும் தன் சுதந்திரத்தைக் கம்பெனியிடம் இழந்தவர்தான்.

அதன் பிறகு 'ட்ராஃபிக்' (1971), ஹுலோ கடைசியாக வரும் முழுநீளப் படம். வேறு வழியில்லாமல் நெதர்லாந்துப் பணத்தோடு சேர்ந்து எடுத்தது. பாரிசிலிருந்து ஆம்ஸ்டர்டாம் கார் கண்காட்சிக்கு ஒரு வண்டியைக் கொண்டுபோகிறார்கள், போய்ச் சேருவதற்குள் கண்காட்சியே முடிந்துவிடுகிறது. இதில் ஹுலோ மறுபடி நடுவுக்கு வருகிறார், அது அவர் விருப்பத்தால் என்று எனக்குத் தோன்றவில்லை. 'பராட்' (1974) ஸ்வீடன் தொலைக்காட்சிக்காக, பெரும்பகுதி வீடியோவில் எடுத்தது, ஒரு சர்க்கஸ் நிகழ்ச்சி. இளமையில் மேடையில் செய்த அந்தக் குதிரைக்காரர், டென்னிஸ் வீரர், கோல்கீப்பர் எல்லாவற்றையும் அறுபது வயதைத் தாண்டிய உடம்பில் திரும்பச் செய்கிறார். இடையில் பார்வையாளர்களையும் அதே அக்கறையோடு காட்டுகிறார், அதில் யார் நடிகர் யார் வேடிக்கை பார்க்க வந்தவர் என்று பிரிக்க முடியாது. 'கன்ஃப்யூஷன்' என்று இன்னொரு படம் திட்டமிட்டார், எடுக்க முடியவில்லை. 1977இல் பிரெஞ்சுத் திரைப்பட விருதான செசாரின் கௌரவ விருது கொடுத்தார்கள். 1982 நவம்பரில் இறந்தார், வயது 75.

எண்ணிக்கை ஏன் குறைவு என்றால், பணம் ஒரு காரணம், பிடிவாதம் ஒரு காரணம். பெரும்பாலான படங்களுக்கு நான்கைந்து ஆண்டு எடுத்துக்கொண்டார், எடுத்து முடித்த படத்தையும் விடமாட்டார். அவரிடம் வேலை பழகிய பியேர் எத்தே பின்னால் தானும் நடித்து இயக்கும் நகைச்சுவைக்காரராக வந்தார். டாட்டி படங்களின் நாவல் வடிவத்தை எழுதும் வேலையில் தொடங்கியவர்தான் ழான்-க்ளோட் காரியேர். பீட்டர் ப்ரூக்கின் மகாபாரத நாடகத்தை எழுதியவர் என்று சொன்னால் நம் ஆட்களுக்குத் தெரியும்.

பாரிஸ் வாசி:

இங்கே இருப்பவன் என்ற முறையில் ஒரு விஷயம் சேர்க்கிறேன். 2009இல் சினமாதெக் என்ற இங்குள்ள திரைப்படக் காப்பகத்தில் டாட்டிக்குக் கண்காட்சி வைத்தார்கள். விளம்பரத்தில் ஹுலோ மொபெட்டில் போகும் படம், வாயில் அந்தப் பைப். புகையிலை விளம்பரச் சட்டத்தைக் காட்டி மெட்ரோவிலும் பேருந்திலும் பைப்பை எடுத்துவிட்டு மஞ்சள் காற்றாடி ஒன்றை வைத்துவிட்டார்கள். பெரிய சர்ச்சையானது. எங்களுக்கெல்லாம் கோபம்தான். அந்தப் பைப் இல்லாமல் அந்த மனிதரே இல்லை, மேகலா சொன்ன விடுதிக் காட்சியே போதும்.

இன்னொன்று, படங்கள் இன்று இவ்வளவு தெளிவாக இருப்பதற்கு அவர் மகள் சோஃபி டாட்டிஷெஃபுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். அவர் தொகுப்பாளர். 'ழூர் த ஃபெத்' படத்தை 1947இல் இரண்டு காமிராவில் எடுத்தார்கள், ஒன்று தாம்சன்கலர் என்ற புது வண்ண முறை, இன்னொன்று பாதுகாப்புக்காகக் கறுப்பு வெள்ளை. அந்த வண்ணத்தைப் பிரதி எடுக்கவே முடியாமல் போனதால் உலகம் கறுப்பு வெள்ளையைத்தான் பார்த்தது. 1995இல் சோஃபியும் ஒளிப்பதிவாளர் பிரான்ஸ்வா எத் என்பவரும் சேர்ந்து அந்த வண்ணப் பிரதியை மீட்டு வெளியிட்டார்கள். தூசி படிந்த சதுக்கத்தில் சந்தைக்காரர்கள் வந்ததும்தான் நிறம் ஊருக்குள் வருகிறது, டாட்டி நினைத்தது அதுதான். சோஃபி 2001இல் இறந்தார், அடுத்த ஆண்டு மீட்டெடுத்த 'ப்ளேடைம்' கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. 2010இல் வந்த 'லில்லூசியோனிஸ்த்' என்ற அனிமேஷன் படம் டாட்டி எடுக்காமல் விட்ட திரைக்கதையிலிருந்து சில்வென் ஷோமே செய்தது. அது அவர் ஏற்றுக்கொள்ளாமல் விட்ட மூத்த மகளைப் பற்றியது என்று அந்தக் குடும்பத்தார் சொன்னார்கள், அதில் ஒரு சண்டையே நடந்தது. படத்தை நான் பார்த்தேன், அழகாக இருக்கிறது, ஆனால் டாட்டி தன் படத்தில் இவ்வளவு சோகத்தை வெளிப்படையாகப் போடமாட்டார்.

மேகலா:

இரவுக்காட்சி, அடுத்து 'விடுமுறை' பார்ப்பதாக இருந்தால் எந்தப் பிரதி என்று கவனியுங்கள். 1953இல் வந்ததை அவர் பின்னால் திரும்பத் தொகுத்தார், இசையையும் ஒலியையும் மாற்றினார், 1978இல் சென்-மார் கடற்கரைக்கே திரும்பப் போய்ப் புதிதாகக் கொஞ்சம் எடுத்துச் சேர்த்தார். ஹுலோவின் படகு நடுவில் மடிந்து சுறாவின் வாய் மாதிரி மூடித் திறக்க, கரையில் இருப்பவர்கள் அலறி ஓடும் அந்தக் காட்சியில் உள்ள சில ஷாட்கள் அப்படி வந்தவைதான். இப்போது வட்டில் பரவலாகக் கிடைப்பது அந்த 1978 வடிவம். இரண்டும் சேர்ந்து வந்த வட்டும் இருக்கிறது, கிடைத்தால் அதை வாங்குங்கள், முதலில் 78ஐப் பாருங்கள், நன்றாக இருக்கிறது. பழையபடம் அண்ணாவோடு எனக்கு இருக்கும் வழக்கு தீரவில்லை, 'ப்ளேடைம்' படத்தைப் பெரிய திரையில் எங்காவது போட்டால் சொல்லுங்கள், பார்த்துவிட்டு வந்து தொடர்கிறேன்.